கொதிகல அறையும் மந்திரி மாளிகையும்

பிற நாட்டுப் பெரியார் ஒருவரைப்பற்றி எழுதப் புகுவோர், அவரது வாழ்க்கையில் வியப்பு மிக்க நிகழ்ச்சி ஒன்றனைத் தேடியெடுத்து, அதனையே முகப்பில் நிறுத்திப் படிப்போர் மனத்தைக் கவர முயல்வது வழக்கம். செக்கோஸ்லோவாக்கியாவின் அயல்நாட்டு மந்திரியாயிருந்த யிர்ஷி தீன்ஸ்ட்பீர் என்பாரைப்பற்றி எழுதினோரும் இவ்வாறே செய்தனர். கொதிகல அறையில் கரி வாரியிட்டுக்கொண்டிருந்த ஒருவர் 1989-ம் ஆண்டு டிசம்பர் 10-ந் தேதி ஒரு தேசத்தின் அயல்நாட்டு மந்திரியாயினார் என்பதும், பதவியேற்ற முதனாட்களிலும் மாற்றாள் கிடைக்கும்வரை தம் கொதிகலத்தைக் கவனிக்கச் சென்றார் என்பதும் பத்திரிகைகள் பலவற்றில் வெளிவந்து, கேட்டோரை மகிழ்வித்த செய்திகள். பட்டத்து யானை வழிப்போக்கன் ஒருவன் கழுத்தில் மாலையிட்டு அவனை அரசனாக்கிய கதைகளைக் கேட்டு வளர்ந்த நமக்கு, இச்செய்தியில் ஒரு தனிச்சுவை தோன்றுவது இயல்பே. ஆயினும் அச்சுவையே அப்பெரியாருக்கு நாம் இழைக்கும் அநீதியாய் முடியுமென்பது நம் கருத்து. அதனை இங்குச் சிறிது விரித்துரைப்போம்.

கரி வாரியவர் மந்திரியானார் என்பது அரை உண்மை. மந்திரியாதற்குத் தக்கவரைக் கரி வாரும்படி செய்தனர் என்பதே முழு உண்மை. அவர் 1937-ம் ஆண்டு ஏப்ரல் 20-ந் தேதி, பிராகு நகருக்கு அணித்தான கிளாட்னோ என்னும் ஊரிற் பிறந்தார். நிலக்கரிக்கும் எஃகுக்கும் பெயர்பெற்ற ஊர் அது. கல்வி முற்றியபின் செக்கோஸ்லோவாக்கிய வானொலியில் அமர்ந்து, அயல்நாட்டுச் செய்தியாளராய்த் தூரகிழக்குத் தேசங்களிலும், பின்னர் 1968, 1969-ம் ஆண்டுகளில் அமெரிக்காவிலும் பணியாற்றினார். உலகத்து அரசுகள் ஒன்றோடொன்று பேசும் பேச்சையும், பேசாது மறைக்கும் கருத்தையும் இளமையிலேயே அருகிருந்து கண்டவர். பிறநாட்டு விவகாரமே அவர் கற்ற தொழில். அத்தொழிலினின்று அவர் நீக்கப்பட்டிருந்த இருபது ஆண்டுகளே அவர் வாழ்க்கையில் முறைகெட்ட பகுதி. மந்திரி பதவி அம்முறைகேட்டின் முடிவேயன்றி யானை இட்ட மாலையன்று.

அவர் 1958-ம் ஆண்டு முதல் கம்யூனிஸ்டுக் கட்சியின் உறுப்பினராயிருந்தார் என்பதையும் மறையாது கூறல் வேண்டும். அவருடைய பகைவர்கள் பிற்காலத்தில் இதனைப் பலமுறை எடுத்துக்காட்டினர். கொடுங்கோலாட்சிக்கு ஒருகாலத்தில் துணைநின்றவர் பின்னர் அதனை எதிர்த்தாராயின், அவ்வெதிர்ப்பில் மாசு இல்லையோ என்பது அவர்தம் வினா. நாம் அவ்வாறு கருதவில்லை. 1968-ம் ஆண்டின் முற்பகுதியில் அக்கட்சிக்குள்ளேயே தூப்செக் என்பார் தலைமையில் ஒரு சீர்திருத்தம் எழுந்தது. பத்திரிகைத் தணிக்கை நீங்கிற்று. மக்கள் வாய்திறந்து பேசலாயினர். அவ்வாண்டு ஆகஸ்டு 20-ந் தேதி இரவு, வார்ஸா உடன்படிக்கை நாடுகளின் படைகள் எல்லை கடந்து புகுந்து அதனை நசுக்கின. மறுநாட் காலை பிராகு நகரத்து வானொலி நிலையத்தின்முன் ஆயுதமற்ற ஜனங்கள் திரண்டு டாங்கிகளை மறித்தபோது உயிர்ச்சேதமும் நேர்ந்தது. நிலையம் கைப்பற்றப்பட்ட பின்னரும் வானொலியார் மறைவிடங்களிலிருந்து செய்தி பரப்பியது அத்தேச வரலாற்றில் ஒளிமிக்க ஓர் ஏடு. அத்தகைய நிலையத்து ஊழியர் ஒருவர் தம் கட்சியினின்று விலக்கப்பட்டதும் வேலையினின்று நீக்கப்பட்டதும் இழிவல்ல. அவர் அமெரிக்காவிலேயே தங்கியிருக்கலாம், தங்கினோர் பலர். அவரோ ஊர் திரும்பினார். ஒரு கொள்கையை நம்பிப் பின் அதன் செயலைக் கண்டு மனம் மாறியவரை, ஒன்றனையும் நம்பாது ஒதுங்கியிருந்தவரினும் தாழ்ந்தவராக எண்ணுவதற்கு நியாயம் யாதும் இல்லை.

இனி, அவர் செய்த எதிர்ப்பின் தன்மையை நோக்குவோம். மாணவர்கள் கருத்திற்கொள்ள வேண்டிய பகுதி இதுவே. படை திரட்டல், குண்டெறிதல், மறைசதி ஆகியவற்றுள் ஒன்றும் அதில் இல்லை. 1975-ம் ஆண்டில் ஹெல்சிங்கி நகரில் ஐரோப்பிய அரசுகள் கூடி ஓர் உடன்பாட்டிற் கையெழுத்திட்டன. மனித உரிமைகளை மதிப்போம் என்பது அதில் ஓர் உறுதிமொழி. அவ்வுரிமைகளைப்பற்றிய ஐக்கிய நாடுகளின் உடன்படிக்கைகளைச் செக்கோஸ்லோவாக்கிய அரசு 1976-ம் ஆண்டு தன் சட்டத் தொகுப்பிலேயே அச்சிட்டு வெளியிட்டது. அதனைப் படிப்பார் எவரும் இரார் என்று அரசினர் எண்ணினர் போலும். படித்தவர் சிலர் இருந்தனர். 1977-ம் ஆண்டு ஜனவரியில் இருநூற்றுக்கு மேற்பட்டோர் கையொப்பமிட்டு, ‘சாசனம் 77’ என்னும் அறிக்கையை வெளியிட்டனர். நீங்கள் எழுதிய சட்டத்தை நீங்களே கைக்கொள்ளுங்கள் என்பதே அதன் சாரம். நாடகாசிரியர் வாத்ஸ்லாவ் ஹாவெல், தத்துவப் பேராசிரியர் யான் பதோச்கா, 1968-ல் அயல்நாட்டு மந்திரியாயிருந்த யிர்ஷி ஹாயெக் ஆகிய மூவரும் அதன் முதற் பேச்சாளர்கள். இவருள் பதோச்கா, நெடுநேரம் போலீசாரால் விசாரிக்கப்பட்டபின் நோயுற்று அவ்வாண்டு மார்ச்சு 13-ந் தேதி உயிர்நீத்தார். பழைய அயல்நாட்டு மந்திரி ஒருவர் எதிர்ப்பாளராய் நிற்க, அவரருகே வருங்கால அயல்நாட்டு மந்திரி ஒருவர் அதே தாளிற் கையெழுத்திட்டிருந்தார் என்பது காலத்தின் விசித்திரங்களுள் ஒன்று.

சாசனத்திற் கையெழுத்திட்டோர் 1989-ம் ஆண்டளவும் ஏறக்குறைய 1,900 பேரே. ஒன்றரைக் கோடி மக்கள் வாழ்ந்த நாட்டில் இஃதொரு சிறு தொகை. இத்தொகையைக் கொண்டே, அன்னோர் மக்களோடு தொடர்பற்ற கல்விமான்கள் என்று இகழ்ந்தாரும் உளர். கையெழுத்தின் விலை யாது என்பதை இகழ்வோர் எண்ணிப் பார்த்திலர். பெற்றோர் கையெழுத்திட்டால் மக்கள் கல்லூரி வாயிலை மிதிக்கவொண்ணாது போவதும் உண்டு. தனக்கு வருந் துன்பத்தைத் தாங்குவேன் என்று துணிவது ஒன்று. தன் பிள்ளையின் படிப்பை அதற்கு விலையாகக் கொடுக்கத் துணிவது மற்றொன்று. பின்னதைச் செய்யாதோரை நாம் பழிக்கமாட்டோம்; செய்தோரைச் சிறுதொகையினர் என்று எண்ணிக் கழிப்பதும் தகாது.

தீன்ஸ்ட்பீர் 1979-ம் ஆண்டில் சாசனத்தின் பேச்சாளருள் ஒருவராயினார். அதற்கு முந்திய ஆண்டில், அநியாயமாய் வழக்குத் தொடரப்பட்டோரைக் காக்கும் சங்கம் ஒன்று தொடங்கப்பட்டிருந்தது. யார் எங்கே சிறைப்பட்டார், எக்குற்றம் சாட்டப்பட்டார், அவர் குடும்பம் எந்நிலையிலுள்ளது என்பவற்றைத் தாளில் எழுதிப் பிரதிகள் எடுத்து வழங்குவதே அச்சங்கத்தார் வேலை. இதனை அரசினர் ராஜத்துரோகமாகக் கொண்டு, 1979-ம் ஆண்டு மே மாதத்தில் அவர்களைக் கைதுசெய்தனர். அக்டோபரில் விசாரணை இரண்டு நாளில் முடிந்தது. பேதிர் ஊல் என்பாருக்கு ஐந்தாண்டும், ஹாவெலுக்கு நாலரையாண்டும், வாத்ஸ்லாவ் பெந்தா என்பாருக்கு நாலாண்டும், தீன்ஸ்ட்பீருக்கும் ஓட்டா பெட்னார்ஷோவா என்னும் அம்மையாருக்கும் மும்மூன்றாண்டும் சிறை விதிக்கப்பட்டது. இவருள் பெந்தா கத்தோலிக்க சமயப் பற்று மிக்கவர். ஊல் மார்க்ஸின் கொள்கையில் பற்றுடையவர். தீன்ஸ்ட்பீரோ கட்சியினின்று விலக்கப்பட்ட சீர்திருத்தக்காரர். கொள்கையால் ஒருவரோடொருவர் ஒவ்வாதார், மற்றவர் உரிமைக்காக ஒரே குற்றவாளிக் கூண்டில் நின்றனர். ஹாவெல், பெந்தா, தீன்ஸ்ட்பீர் மூவரும் ஓஸ்திராவா நகரத்தருகே ஹெர்மானிட்ஸே சிறையில் ஒருங்கே இருந்தனர். அங்கிருந்தே ஹாவெல் தம் மனைவியாருக்கு வாரம் ஒருமுறை நான்கு பக்கத்துக்கு மிகாத கடிதங்களை எழுதினார். அவை பின்னர் நூலாய் வெளிவந்து உலகப் புகழ் எய்தின.

1982-ம் ஆண்டில் விடுதலையானபின் அவருக்குக் கிடைத்தவை இரவுக் காவலும் கொதிகல வேலையுமே. அக்காலத்தில் பிராகு நகரத்துக் கொதிகல அறைகளில் தத்துவ ஆசிரியர்களும் குருமார்களும் நூலாசிரியர்களும் கரி வாரிக்கொண்டிருந்தனர். அங்கே மேலதிகாரியின் கண் குறைவு. படிக்க நேரம் மிகுதி. அவ்வாறு கிடைத்த நேரத்தில் தீன்ஸ்ட்பீர் எழுதிய நூலின் பெயர், ‘ஐரோப்பாவைப்பற்றிய கனவு’ எனத் தமிழில் ஆகும். 1986-ம் ஆண்டில் அச்சகமின்றித் தட்டச்சுப் பிரதிகளாய்க் கைக்குக் கை வழங்கப்பட்டது. ஐரோப்பா இரண்டாகப் பிளவுண்டு கிடப்பது நிலையானதன்று. அயல்நாட்டுப் படைகள் நீங்கவேண்டும். ஜெர்மனி மீண்டும் ஒன்றாகாமல் ஐரோப்பா ஒன்றாதல் இயலாது என்பன அந்நூலின் கருத்துக்கள். அவர் மீண்டும் பேச்சாளராயிருந்த 1985-ம் ஆண்டில் சாசனத்தார் வெளியிட்ட பிராகு வேண்டுகோளிலும் இக்கருத்துக்கள் உள்ளன. இதன் அருமையை உணரவேண்டுமாயின், செக்கு மக்கள் 1938-ம் ஆண்டு முதல் ஜெர்மனியால் அடைந்த துன்பத்தை நினைத்துக்கொள்ளல் வேண்டும். ஜெர்மனி பிளவுண்டிருப்பதே நமக்குக் காப்பு என்று எண்ணுவது அம்மக்களுக்கு எளிது. அதனை மறுத்து, பகைவராயிருந்தாரின் உரிமையையும் தம் விடுதலையையும் ஒன்றாய்ப் பிணைத்து நோக்கினர் இக்கரி வாரும் கூலியாளர். அந்நாளில் மேல்நாட்டு ராஜதந்திரிகளுள்ளும் பலர் இதனை வெறுங் கனவென்றே கொண்டிருந்தனர்.

கனவு கண்டவர் கையிலேயே காரியமும் வந்து சேர்ந்தது. 1989-ம் ஆண்டு நவம்பரில் மக்கள் எழுச்சி தோன்ற, ‘குடிமக்கள் மன்றம்’ அமைந்தது. தீன்ஸ்ட்பீர் அதன் பேச்சாளருள் ஒருவர். டிசம்பரில் மந்திரியாகிச் செர்னின் மாளிகையிற் புகுந்தார். 1948-ம் ஆண்டு மார்ச்சு 10-ந் தேதி அயல்நாட்டு மந்திரி யான் மசாரிக் சன்னலின்கீழ் இறந்து கிடந்தது அம்மாளிகையின் முற்றத்திலேதான். டிசம்பர் 23-ந் தேதி, மேற்கு ஜெர்மனியின் மந்திரி கென்ஷரோடு எல்லையில் நின்று முள்வேலியை அறுத்தார். 1990-ம் ஆண்டு பிப்ரவரி 26-ந் தேதி மாஸ்கோவில், ஹாவெலும் கோர்பச்சேவும் காண, ஷெவர்ட்நாட்ஸேயும் அவரும் ருஷியப் படைகளை விலக்கும் உடன்பாட்டிற் கையெழுத்திட்டனர். 73,000-க்கு மேற்பட்ட படைவீரர், தம் டாங்கிகளோடும் குடும்பங்களோடும் 1991-ம் ஆண்டு ஜூன் மாதத்துக்குள் நாட்டைவிட்டு நீங்கினர். ஜூலை முதல் தேதி வார்ஸா உடன்படிக்கையே பிராகு நகரிற் கலைக்கப்பட்டது. ஒரு துப்பாக்கியும் வெடியாமல் இத்தனையும் நிகழ்ந்தன. கோர்பச்சேவின் மனமாற்றம் இன்றேல் இவை கூடியிரா என்பது மெய்யே. ஆயினும் கதவு சிறிதே திறந்த காலத்தில் விரைந்து புகுதற்கு, உள்ளே செய்யவேண்டுவது யாதென முன்னரே எண்ணி வைத்திருந்த ஒருவர் வேண்டும். அவ்வெண்ணம் முன்னரே கொதிகல அறையில் எழுதி முடிந்திருந்தது.

புகழ்ந்தது போதும், குறையும் கூறுவோம். 1990-ம் ஆண்டு ஜனவரியில், ஆயுத வியாபாரத்தைச் செக்கோஸ்லோவாக்கியா நிறுத்திவிடும் என்று தீன்ஸ்ட்பீர் அறிவித்தார். கொலைக்கருவி விற்று வாழும் வாழ்வு வேண்டா என்பது உயர்ந்த எண்ணமே. ஆனால் அக்கருவிகள் செய்யப்பட்ட தொழிற்சாலைகள் பெரும்பாலும் ஸ்லோவாக்கியப் பகுதியில் இருந்தன. மார்டின் என்னும் ஊரில் டாங்கி செய்த தொழிலாளி, நாளை என் உலையில் அரிசி எங்ஙனம் வேகும் என்று கேட்பான். நம்மூர் வழக்கிற் கூறினோம், அவன் கேட்பது ரொட்டியைப்பற்றியாகும். அதற்கு விடை தேடி முடியுமுன் அறம் அறிவிக்கப்பட்டுவிட்டது. பிராகு நகரத்தார் தம் மனச்சான்றின் தூய்மைக்காக நம் வயிற்றிலடிக்கின்றனர் என்று ஸ்லோவாக்கியர் கருதினர். அரசினரும் பின்னர் அவ்வறிவிப்பைத் தளர்த்தவேண்டியதாயிற்று. அதற்குள் மனக்கசப்பு வேரூன்றிவிட்டது. 1992-ம் ஆண்டு முடிவில் அந்நாடு இரண்டாகப் பிரிந்ததற்குக் காரணம் பல. இதனையும் அவற்றுள் ஒன்றாய் வைத்தெண்ணுவதில் தவறில்லை. தன் துன்பத்தைத் தானே சுமந்து பழகிய நல்லவருக்கு, தம் அறத்தின் செலவைப் பிறர் தலையில் ஏற்றுகிறோம் என்பது எளிதிற் புலனாவதில்லை போலும்.

தேர்தற் களத்திலும் அவர் வல்லவரல்லர். 1990-ம் ஆண்டு ஜூன் மாதத்தில், குடிமக்கள் மன்றம் செக்குப் பகுதியில் ஏறக்குறையப் பாதி வாக்குகளைப் பெற்றது. மறுவருடம் அது பிளந்தது. பொருளாதார நிபுணர் கிளவுஸ் என்பார் கட்டுக்கோப்பான ஒரு கட்சியைச் சமைத்துக்கொண்டார். தீன்ஸ்ட்பீர் தலைமையில் நின்ற குடிமக்கள் இயக்கத்தில் மந்திரிமார் பலர் இருந்தனர்; ஊர்தோறும் கதவைத் தட்டும் தொண்டர் இல்லை. 1992-ம் ஆண்டுத் தேர்தலில், சட்டசபைக்கு வேண்டும் ஐந்து விழுக்காட்டினையும் அவ்வியக்கம் எட்டவில்லை. ருஷியப் படைகளை அனுப்பி ஓராண்டு கழியுமுன் மக்கள் அவரை அனுப்பிவிட்டனர். இதனை நன்றிகெட்ட செயலென்று நொந்துரைப்போர் உளர். ஜனநாயகத்தில் வாக்கு என்பது நேற்றைய தொண்டுக்கு அளிக்கும் கூலியன்று. ஆதலின் நாம் அவ்வாறு நோகவில்லை. தோற்றவர் அதனை ஏற்று விலகினார். அவர் சிறையிலிருந்து வேண்டிய ஆட்சியும் அதுவே.

நிற்க. நம் கல்லூரி வாதசபைகளில் இவரைப் போன்றோர் பெயர் வருங்காலெல்லாம் சிறைவாசமே பேசப்படுகிறது. நாம் மிகவும் மதிப்பதோ இதன்பின் நிகழ்ந்ததை. 1998-ம் ஆண்டில் ஐக்கிய நாடுகள் சபையார், பாஸ்னியா, குரோவேஷியா, யூகோஸ்லாவியா ஆகிய நாடுகளின் மனித உரிமை நிலையை ஆய்ந்துரைக்கும் பொறுப்பை அவரிடம் ஒப்புவித்தனர். போலந்து நாட்டு எதிர்ப்பாளராயிருந்து பின் பிரதமரான மசோவியெத்ஸ்கி 1992 முதல் 1995 வரை வகித்த பொறுப்பே அது. 1999-ம் ஆண்டு மார்ச்சு 12-ந் தேதி செக்குக் குடியரசு நேட்டோ அணியிற் சேர்ந்தது. பன்னிரண்டாம் நாள், கோசோவோ அல்பேனியரைச் சேர்பியரின் கொடுமையினின்று காப்பதாகக் கூறி, அவ்வணியினர் யூகோஸ்லாவியாவின்மேல் குண்டு பொழியத் தொடங்கினர். ஹாவெல் அப்போது குடியரசுத் தலைவர். அவர் இப்போரை ஆதரித்துப் பேசினார். தீன்ஸ்ட்பீர் மறுத்தார். குண்டுவீச்சு கோசோவோவின் பிரச்சினை எதனையும் தீர்க்கவில்லை, உள்ளதைப் பெருக்கிற்று என்பது அவர் முடிவு.

எவர் கூறியது சரி? ஹாவெலின் பக்கமும் நியாயம் உண்டு என்பதை ஒப்புகிறோம். 1995-ல் ஸ்ரெப்ரெனிட்சாவில் உலகம் கைகட்டி நின்றதன் விளைவை எல்லாரும் கண்டிருந்தனர். இன்னொருமுறை அவ்வாறு நிற்கமாட்டோம் என்றவரை எளிதிற் குறைகூற இயலாது. மறுபுறம், குண்டுவீச்சு நிகழ்ந்த 78 நாட்களிலேயே எட்டு லட்சத்துக்கு மேற்பட்ட அல்பேனியர் நாட்டைவிட்டுத் துரத்தப்பட்டனர். போர் முடிந்து அன்னோர் திரும்பியபின், சேர்பியரும் ரோமா இனத்தாரும் வெளியேற்றப்பட்டனர். முன்னைய துரத்தலைக் கண்டித்தவர் பலர்; பின்னையதையும் அதே சொல்லாற் கண்டித்து அறிக்கை எழுதியவர் சிலரே. தீன்ஸ்ட்பீர் அச்சிலருள் ஒருவர். இதனாற் சேர்பியருக்குப் பரிந்தவர் என்ற பழியும் அவருக்குக் கிடைத்தது. போரைப்பற்றிய அவரது முடிவில் நமக்கு முற்றும் உடன்பாடு உண்டென்று கூறமாட்டோம். அறிக்கையைப்பற்றி ஐயம் யாதும் இல்லை. பகைவன் செய்த கொடுமையை எழுதுதற்குத் துணிவு வேண்டும்; தம் நாடும், தம் நண்பரும், தாமே கனவு கண்ட புதிய ஐரோப்பாவும் ஒருபுறம் நிற்க, அப்புறத்தால் விளைந்த கொடுமையையும் அதே மையால் எழுதுதற்கு அதனினும் மிக்க துணிவு வேண்டும். 1979-ல் சிறைப்பட்டோரின் பெயர்களைத் தாளில் எழுதிய அதே வேலையைத்தான் அவர் இருபது ஆண்டு கழிந்தபின்னும் செய்தார். முன்பு அரசினர் சினந்தனர். பின்பு நண்பர் சினந்தனர். வேலை ஒன்றே.

அப்பொறுப்பு 2001-ம் ஆண்டில் முடிந்தது. 2008-ம் ஆண்டில் தாம் பிறந்த கிளாட்னோ தொகுதியிலிருந்து மேற்சபைக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். பதினாறு ஆண்டுக்கு முன் தேர்தலிற் கைவிடப்பட்டவரை ஊரார் முதுமையில் ஏற்றுக்கொண்டனர். அப்பதவியிலிருக்கும்போதே, 2011-ம் ஆண்டு ஜனவரி 8-ந் தேதி, எழுபத்துமூன்றாம் வயதிற் காலமானார். அவர் விட்ட இடத்துக்கு, அவர் பெயரையே தாங்கிய மைந்தரை அத்தொகுதியார் தேர்ந்தனர். ஹெர்மானிட்ஸே சிறையில் அவரோடிருந்த இருவருள் பெந்தா 1999-ம் ஆண்டிலேயே இறந்துவிட்டார். ஹாவெல், அதே 2011-ம் ஆண்டு டிசம்பர் 18-ந் தேதி மறைந்தார்.